வீட்டுக் கடனின் நிஜ விலை: இஎம்ஐக்குப் பின்னால் இருக்கும் கணக்கு

வீட்டுக் கடன் வாங்கப் போகிறவரிடம் இரண்டு கேள்விகள் தவறாமல் வரும். "வட்டி எத்தனை சதவீதம்?" "மாதம் எவ்வளவு கட்டணும்?" இரண்டுக்கும் பதில் கிடைத்ததும் பேச்சு டைல்ஸ், சமையலறை அலமாரி என்று நகர்ந்துவிடும். கடைசித் தவணையைக் கட்டி முடிக்கும்போது கையைவிட்டு மொத்தம் எவ்வளவு போயிருக்கும் என்று கேட்பவர்கள் குறைவு. அப்படிக் கேட்கிற சிலரும் அந்தத் தொகையைப் பார்த்து மிரண்டு, "பேங்க்காரன் கொள்ளையடிக்கிறான்" என்று முடித்துவிடுகிறார்கள்.

இதற்கு நடுவில் அறிவுரைகளுக்கும் பஞ்சமில்லை. முதல் சில வருஷம் முழுக்க வட்டிதான் எடுத்துக்கொள்வார்கள், பாதிக் காலம் போனபிறகு முன்கூட்டி அடைத்துப் பயனில்லை, வட்டி குறைவான இடத்துக்குக் கடனை மாற்றினால் எப்படியும் லாபம்தான். மூன்றிலும் கொஞ்சம் உண்மை உண்டு, நிறையக் குழப்பமும் உண்டு. அடியில் ஓடும் கணக்கு ஒன்றே ஒன்றுதான். அதைப் பிடித்துக்கொண்டால் இவற்றில் எது எவ்வளவு சரி என்று நீங்களே சொல்லிவிடலாம். கடனின் விலையைத் தீர்மானிப்பதில் வட்டி விகிதத்துக்கு இருக்கும் பங்கைவிட, பணம் உங்கள் கையில் எத்தனை காலம் இருக்கிறது என்பதற்குப் பங்கு அதிகம். இந்தக் கட்டுரையில் நான் சொல்ல வருவது அதுதான்.

கணக்குக்காக ஒரு கடனை எடுத்துக்கொள்வோம்: தொகை 10 லட்சம், ஆண்டு வட்டி 9 சதவீதம், 20 ஆண்டு. எந்த நாட்டு நாணயமாக இருந்தாலும் சரி. உங்கள் கடன் 40 லட்சம் என்றால் கீழே வரும் தொகைகளை நான்கால் பெருக்கிக்கொள்ளுங்கள்; எத்தனை மாதம் என்ற எண்ணிக்கைகள் அப்படியே பொருந்தும்.

ஊறும் கிணறு

ஒரு கிணற்றை வற்ற வைக்க வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். தினமும் குறிப்பிட்ட அளவு தண்ணீர் இறைக்கிறீர்கள். ஆனால் கீழே ஊற்று இருக்கிறது. கிணற்றில் எவ்வளவு தண்ணீர் நிற்கிறதோ அதற்கேற்ப ஊறும்: நிறைய இருந்தால் நிறைய, குறைந்தால் குறைவாக. நீங்கள் இறைத்ததில் ஊறியது போக மிஞ்சுவது மட்டும்தான் நீர்மட்டம் குறையும் அளவு.

வீட்டுக் கடன் இதே மாதிரிதான் நடக்கிறது. வாங்கிய தொகை அசல். அதில் இன்னும் அடைக்காமல் நிற்பது நிலுவை, அதாவது கிணற்றில் நிற்கும் தண்ணீர். நிலுவையின் மேல் மாதாமாதம் ஊறுவது வட்டி. நீங்கள் மாதம்தோறும் கட்டும் ஒரே அளவான தொகை இஎம்ஐ. ஆண்டுக்கு 9 சதவீதம் என்றால் மாதத்துக்கு 0.75 சதவீதம்.

நம் கடனின் இஎம்ஐ 8,997. முதல் மாதம் 10 லட்சத்துக்கு 0.75 சதவீதம், அதாவது 7,500 வட்டி ஊறுகிறது. நீங்கள் கட்டிய 8,997-இல் அது போக மிச்சம் 1,497. கடன் குறைந்தது அவ்வளவுதான். இரண்டாம் மாதம் நிலுவை 9,98,503. அதற்கு வட்டி 7,489. இப்போது அசலில் குறைவது 1,508. போன மாதத்தைவிட 11 அதிகம். இப்படி மாதாமாதம் கொஞ்சம் கொஞ்சமாகக் கூடி, 240-ஆவது மாதத்தில் கட்டும் 8,997-இல் வட்டி வெறும் 67 ஆக இருக்கும்.

ஐந்து ஆண்டு முடிவில் நீங்கள் கட்டியிருப்பது ஏறக்குறைய 5.40 லட்சம். கடன் குறைந்திருப்பது 1.13 லட்சம் மட்டும். அறிக்கையை வாங்கிப் பார்க்கும் பலருக்கு வயிறு எரிவது இந்த இடத்தில்தான். அசலில் சரிபாதி அடைவதற்கு 14 ஆண்டு ஆகிவிடுகிறது. மீதிப் பாதி கடைசி 6 ஆண்டில் கரைகிறது.

"முதலில் வட்டியைத்தான் எடுத்துக்கொள்கிறார்கள்"

இதைத் தந்திரம் என்று நினைப்பவர்கள் நிறைய. உண்மையில் ஒவ்வொரு மாதமும் அந்த மாத நிலுவைக்கு உரிய வட்டியைத்தான் எடுக்கிறார்கள். வருங்கால வட்டி எதையும் முன்கூட்டிப் பிடிப்பதில்லை. ஆரம்பத்தில் நிலுவை பெரிது, அதனால் வட்டியும் பெரிது. இந்த முறைக்குக் குறையும் நிலுவை முறை என்று பெயர்.

உண்மையான தந்திரம் வேறு இடத்தில் இருக்கிறது. சில கடன்களில் நேர் வட்டி என்று சொல்வார்கள்: நீங்கள் எவ்வளவு அடைத்திருந்தாலும் முதல் நாள் வாங்கிய முழுத் தொகைக்கே கடைசிவரை வட்டி. அதே 9 சதவீதத்தை நேர் வட்டியாகப் போட்டால் 20 ஆண்டுக்கு 18 லட்சம் வட்டி, மாதம் 11,667 கட்ட வேண்டும். குறையும் நிலுவைக் கணக்கில் இது 13 சதவீதத்தை ஒட்டிய வட்டிக்குச் சமம். ஒரே எண், இரண்டு வேறு விலை. வங்கிகளின் வீட்டுக் கடன் குறையும் நிலுவைக் கணக்கில்தான் வரும். ஆனாலும் யாராவது வாயால் ஒரு சதவீதம் சொன்னால், எந்த முறையில் என்று கேட்டுவிடுவது நல்லது.

இதுவரை பார்த்ததைச் சுருக்கினால்: வட்டி நிலுவையின் மேல் மாதாமாதம் ஊறுகிறது. இஎம்ஐயில் வட்டி போக மிஞ்சுவதுதான் கடனைக் குறைக்கிறது. தொடக்கத்தில் அந்த மிச்சம் மிகச் சிறியது. இனி வருவதெல்லாம் அந்தச் சிறிய மிச்சத்தைப் பற்றியதுதான்.

தவணைக்காலம் என்னும் பெரிய நெம்புகோல்

அதே 10 லட்சம், அதே 9 சதவீதம். காலத்தை மட்டும் மாற்றிப் பார்ப்போம்.

10 ஆண்டு: இஎம்ஐ 12,668, மொத்த வட்டி 5.20 லட்சம்
15 ஆண்டு: இஎம்ஐ 10,143, மொத்த வட்டி 8.26 லட்சம்
20 ஆண்டு: இஎம்ஐ 8,997, மொத்த வட்டி 11.59 லட்சம்
25 ஆண்டு: இஎம்ஐ 8,392, மொத்த வட்டி 15.18 லட்சம்
30 ஆண்டு: இஎம்ஐ 8,046, மொத்த வட்டி 18.97 லட்சம்

20-லிருந்து 30-க்குப் போனால் மாதம் 951 மிச்சமாகிறது. அதற்குக் கொடுக்கும் விலை 7.37 லட்சம் கூடுதல் வட்டி. காலத்தை எவ்வளவு நீட்டினாலும் இஎம்ஐ 7,500-க்குக் கீழே இறங்கவே முடியாது என்பதையும் கவனியுங்கள். அது ஊற்றின் அளவு. அதற்குச் சமமாக மட்டும் கட்டினால் கடன் ஆயுளுக்கும் அப்படியே நிற்கும். காலத்தை நீட்ட நீட்ட இஎம்ஐ அந்தத் தரையை நெருங்கும். ஒவ்வொரு முறையும் கிடைக்கும் நிம்மதி குறையும், வட்டி மட்டும் ஏறிக்கொண்டே போகும்.

இப்போது வட்டி விகிதத்தோடு ஒப்பிடுங்கள். 20 ஆண்டுக் கடனில் 9 சதவீதம் 9.5 ஆனால் மொத்த வட்டி 78 ஆயிரம் கூடுகிறது. காலம் 20-லிருந்து 25 ஆனால் 3.58 லட்சம் கூடுகிறது. அரை சதவீதத்துக்காக நான்கு வங்கிகளில் ஏறி இறங்கிப் பேரம் பேசுகிறோம். தவணைக்காலத்தை மட்டும் "எவ்வளவு அதிகம் கிடைக்குமோ அவ்வளவு போடுங்க" என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறோம். பேரத்தைத் தவறு என்று சொல்லவில்லை. இரண்டுக்கும் அதே அக்கறை வேண்டும் என்கிறேன்.

எதிர்ப்பக்கமும் அதே வேகத்தில் வேலை செய்யும். மாதம் 1,000 கூடுதலாகக் கட்ட முடிந்தால், இஎம்ஐ உயர்வது 11 சதவீதம்தான். ஆனால் முதல் மாதம் அசலில் குறைவது 1,497-லிருந்து 2,497 ஆகிறது. மூன்றில் இரண்டு பங்கு கூடுதல். ஊற்று அதே அளவு ஊறுவதால், கூடுதலாக இறைப்பது முழுவதும் மட்டத்தைக் குறைக்கிறது. கடன் 20 ஆண்டுக்குப் பதிலாக 15 ஆண்டு 6 மாதத்தில் முடிகிறது. வட்டியில் மிச்சம் 3 லட்சம்.

வட்டி ஏறும்போது கண்ணுக்குத் தெரியாமல் நடப்பது

கடன் முடியும்வரை மாறாதது நிலையான வட்டி. சந்தையைப் பொறுத்து ஏறி இறங்குவது மாறும் வட்டி. அமெரிக்காவில் 30 ஆண்டுக்கும் ஒரே வட்டி என்ற கடன் பரவலானது. பிரிட்டனில் முதல் 2 அல்லது 5 ஆண்டு மட்டும் நிலையாக இருந்து, பிறகு மாறும் கடன்கள் அதிகம். இந்தியாவில் பெரும்பாலும் மாறும் வட்டிதான். அங்கே 2019 அக்டோபர் முதல் வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்கள், ரெப்போ விகிதம் போன்ற வெளி அளவுகோல் ஒன்றோடு இணைக்கப்படுகின்றன. ரெப்போ என்பது மத்திய வங்கி மற்ற வங்கிகளுக்குக் குறுகிய காலத்துக்குப் பணம் தரும் வட்டி.

மாறும் வட்டி ஏறினால் இரண்டு வழி: இஎம்ஐயைக் கூட்டலாம், அல்லது இஎம்ஐயை அப்படியே வைத்துத் தவணைக்காலத்தை நீட்டலாம். இரண்டாவது வலிக்காது. கணக்கிலிருந்து போகும் தொகை மாறவில்லை, எனவே பலர் கவனிப்பதுகூட இல்லை. ஆனால் நம் கடனில் தொடக்கத்திலேயே வட்டி 9-லிருந்து 10 ஆகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். இஎம்ஐயைக் கூட்டினால் மாதம் 653 கூடுதல், மொத்த வட்டி 13.16 லட்சம். இஎம்ஐயை மாற்றாமல் விட்டால் 240 மாதம் 314 மாதத்துக்கு மேல் நீள்கிறது. மொத்த வட்டி சுமார் 18.26 லட்சம். ஒரு சதவீத ஏற்றத்துக்கு ஆறு வருஷக் கூடுதல் தவணை.

வட்டி 10.8 ஆனால்? மாதம் 0.9 சதவீதம், 10 லட்சத்துக்கு 9,000. இஎம்ஐ 8,997. இறைப்பதைவிட ஊறுவது அதிகம். ஒழுங்காகக் கட்டிக்கொண்டே இருக்கிறீர்கள், நிலுவையோ வளர்கிறது.

இது வெறும் கற்பனை இல்லை. இந்திய ரிசர்வ் வங்கி 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரெப்போவை 4 சதவீதத்திலிருந்து 6.5 சதவீதத்துக்கு ஏற்றியது. இரண்டரை சதவீத ஏற்றம் ஒரு கடனின் காலத்தை என்ன செய்யும் என்று மேலே உள்ள கணக்கே சொல்கிறது. 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி புதிய விதிகளைச் சொன்னது: வட்டி மாறும்போது இஎம்ஐயைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் சேர்த்தா என்று கடன் வாங்கியவருக்குத் தேர்வு தர வேண்டும், காலத்தை நீட்டுவதால் நிலுவை வளரும் நிலை வந்துவிடக் கூடாது. தேர்வு கிடைக்கும்போது கேட்டு வாங்கிக்கொள்வது நம் பாடு.

இடையில் கட்டும் மொத்தத் தொகை

இஎம்ஐக்கு மேல் ஒரு தொகையைக் கட்டி அசலைக் குறைப்பது முன்கூட்டி அடைத்தல். அப்படிக் கட்டும் பணம் முழுவதும் அசலுக்கே போகும். ஓராண்டு முடிந்ததும் 1 லட்சம் கட்டி, இஎம்ஐயை மாற்றாமல் விட்டால் கடன் 50 மாதம் முன்னதாக முடிகிறது, சுமார் 3.5 லட்சம் வட்டி மிச்சம். அதே 1 லட்சத்தைப் பத்தாண்டு முடிவில் கட்டினால் ஏறக்குறைய 25 மாதம் குறைகிறது, மிச்சம் 1.24 லட்சம்.

இதை வைத்துத்தான் "பாதிக்குமேல் போயாச்சு, இனி அடைச்சு என்ன பண்ண" என்கிறார்கள். இங்கே ஒரு நுணுக்கம் தப்பிவிடுகிறது. எப்போது கட்டினாலும் அந்த 1 லட்சம் ஆண்டுக்கு 9 சதவீத வட்டியைத் தடுக்கிறது. முதல் ஆண்டில் கட்டினால் அது நிறைய ஆண்டுகளுக்குத் தடுக்கும், பத்தாம் ஆண்டில் கட்டினால் குறைவான ஆண்டுகளுக்கு. பயனின் வேகம் ஒன்றுதான், ஓடும் தூரம்தான் வேறு. ஆகவே கேட்க வேண்டியது, இந்தப் பணத்தை வேறு எங்காவது போட்டால் வரி போக, அபாயம் இல்லாமல் 9 சதவீதத்துக்கு மேல் கிடைக்குமா என்பதுதான். கிடைக்காது என்றால் பதினைந்தாம் ஆண்டில் அடைப்பதும் நல்ல முடிவுதான். அவசரத்துக்குக் கையில் காசு இல்லாமல் துடைத்துக் கட்டிவிடுவது மட்டும் வேண்டாம். கட்டிய பணத்தைத் திரும்ப எடுப்பது எளிதில்லை.

பணத்தைக் கட்டும்போது படிவத்தில் ஒரு தேர்வு இருக்கும்: இஎம்ஐயைக் குறைப்பதா, காலத்தைக் குறைப்பதா. ஓராண்டு முடிவில் கட்டிய அதே 1 லட்சத்துக்கு இஎம்ஐயைக் குறைத்துக்கொண்டால் வட்டி மிச்சம் 1.09 லட்சம்தான். காலத்தைக் குறைத்தால் 3.5 லட்சம். மாதச் செலவில் மூச்சுத் திணறினால் முதல் தேர்வில் தவறில்லை. ஆனால் தெரியாமல் அதில் டிக் அடித்துவிட்டு வரக் கூடாது. அபராதக் கட்டணம் ஏதும் உண்டா என்று ஒப்பந்தத்தையும் ஒருமுறை பாருங்கள். நிலையான வட்டிக் கடன்களில் அது இருக்கலாம்.

கடனை வேறு வங்கிக்கு மாற்றுவது

ஏழு ஆண்டு கட்டியபின் நிலுவை 8.26 லட்சம். வேறொரு வங்கி 8 சதவீதத்துக்குத் தருகிறேன் என்கிறது. மீதமிருக்கும் 13 ஆண்டுக்கே எடுத்தால் இஎம்ஐ 8,530, இனிக் கட்டும் மொத்தத்தில் சுமார் 73 ஆயிரம் மிச்சம். ஆனால் புதுக் கடன் என்பதால் மறுபடி 20 ஆண்டு என்று போட்டுத் தருவார்கள். இஎம்ஐ 6,906 ஆகக் குறைந்ததும் மனசு குளிர்ந்துவிடும். மொத்தமாகப் பார்த்தால் பழைய கடனிலேயே இருந்திருந்தால் கட்ட வேண்டியதைவிட 2.54 லட்சம் அதிகம் கட்டுகிறீர்கள், அதுவும் ஒரு சதவீதம் குறைந்த வட்டியில். வட்டி இறங்கியது, காலம் ஏறியது, காலம் ஜெயித்துவிட்டது.

சில்லறையாகத் தெரியும் செலவுகள்

செயலாக்கக் கட்டணம், சட்ட ஆய்வு, மதிப்பீடு, பதிவுச் செலவு, காப்பீடு ஆகியவற்றைத் தனித்தனியாகப் பார்த்தால் பெரிதாகத் தெரியாது. கவனிக்க வேண்டியது அவற்றைக் கையிலிருந்து கட்டுகிறோமா, கடனோடு சேர்க்கிறோமா என்பது. 10,000 கட்டணத்தைக் கடனில் சேர்த்தால் 20 ஆண்டில் அதற்காக 21,593 கட்டுவீர்கள். ஒரே பிரீமியமாக விற்கப்படும் காப்பீட்டைக் கடனில் சேர்ப்பதும் இதே கதைதான்.

கட்டணங்களையும் சேர்த்து உண்மையில் எத்தனை சதவீதம் ஆகிறது என்று காட்டும் எண்ணை ஏபிஆர் என்பார்கள். இரண்டு வங்கிகளை ஒப்பிடும்போது விளம்பர வட்டியை விட்டுவிட்டு இதைக் கேளுங்கள். அமெரிக்காவில் 1968-இல் வந்த சட்டம் இதைச் சொல்ல வைத்தது. இந்தியாவில் 2024 அக்டோபர் முதல் புதிய சில்லறைக் கடன்களுக்கு, ஏபிஆர் அடங்கிய முக்கிய விவரத் தாளை வங்கிகள் தர வேண்டும்.

அந்த மொத்தத் தொகையைப் பார்த்து மிரள வேண்டுமா?

இவ்வளவும் சொன்னபிறகு எதிர்வாதத்தையும் சொல்லியாக வேண்டும். 10 லட்சம் வாங்கி 21.59 லட்சம் கட்டுகிறோம் என்பது உண்மைதான். ஆனால் இன்று கட்டும் 8,997-ஐயும் இருபதாம் ஆண்டில் கட்டும் 8,997-ஐயும் ஒரே மாதிரி கூட்டுகிறோம். விலைவாசி காலப்போக்கில் ஏறுவது பணவீக்கம். அது ஆண்டுக்கு 5 சதவீதம் என்று வைத்துக்கொண்டால், கடைசி இஎம்ஐயின் மதிப்பு இன்றைய கணக்கில் 3,400-ஐ ஒட்டித்தான் இருக்கும். எல்லாத் தவணைகளையும் இப்படி இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்தால் மொத்தம் 13.8 லட்சம் ஆகிறது. 30 ஆண்டுக் கடனுக்கு 15.2 லட்சம். முன்னே பார்த்த 7.37 லட்ச வித்தியாசம் இங்கே 1.4 லட்சமாகச் சுருங்கிவிடுகிறது.

அப்படியானால் நீண்ட கடன் பரவாயில்லையா? என் கருத்து: நிலையான வட்டியில், வருமானம் விலைவாசியோடு ஏறும் என்ற உறுதி இருந்தால், பயப்பட அவ்வளவு இல்லை. மாறும் வட்டியில் கதை வேறு. பணவீக்கம் ஏறினால் மத்திய வங்கி வட்டியை ஏற்றும், உங்கள் கடன் வட்டியும் ஏறும். பணவீக்கம் ஒரு கையால் கொடுத்ததை மறு கை எடுத்துக்கொள்ளும். சம்பளம் நின்றுபோனவருக்கோ ஓய்வு பெற்றவருக்கோ "கடைசித் தவணை மதிப்பில் சிறியது" என்பது ஆறுதலே இல்லை. 35 வயதில் 30 ஆண்டுக் கடன் வாங்கினால் 65 வயதுவரை தவணை ஓடும் என்பதைப் பணவீக்கக் கணக்கு காட்டாது.

நீங்களே போட்டுப் பார்க்க

இதற்குச் சூத்திரம் எதுவும் மனப்பாடம் செய்ய வேண்டாம். எக்செல் தாளில் நான்கு பத்தி: தொடக்க நிலுவை, அந்த மாத வட்டி (நிலுவை பெருக்கல் ஆண்டு விகிதம் வகுத்தல் 12), இஎம்ஐயில் வட்டி போக அசலுக்குப் போவது, மீதி நிலுவை. மீதி நிலுவை அடுத்த வரியின் தொடக்கம். வரியை இழுத்துவிட்டால் கடன் எந்த மாதம் பூஜ்யம் தொடுகிறது என்று தெரிந்துவிடும். வட்டியை, இஎம்ஐயை மாற்றி மாற்றிப் போட்டால் மேலே சொன்ன எல்லா எண்களும் வரும்.

வங்கியிடமும் இதே அட்டவணை இருக்கிறது, கேட்டால் தருவார்கள். ஆண்டுக்கு ஒருமுறை வாங்கி, மீதமிருக்கும் மாதங்களின் எண்ணிக்கையை மட்டும் போன ஆண்டோடு ஒப்பிட்டால் போதும். அது சரியாக 12 குறைந்திருக்க வேண்டும். குறையவில்லை என்றால் உங்கள் வட்டி இடையில் ஏறியிருக்கிறது, காலம் நீட்டப்பட்டிருக்கிறது. அன்றைக்கே கிளைக்குப் போய், இஎம்ஐயைக் கூட்டிப் பழைய முடிவுத் தேதிக்கே கொண்டுவரச் சொல்லிக் கேட்கலாம்.